காலத்தைத் திருப்பித் தருவதாக விற்கிறார்கள். கைகட்டி நிற்கிறது சட்டம்!

அறுபது வயதுக்காரரை இருபத்தைந்து வயது இளைஞராக மாற்றித் தருவோம் என்று சொல்லி, உத்தரப் பிரதேசத்தின் கான்பூர் நகரில் ஒரு தம்பதி முதியவர்களிடம் ஏறத்தாழ 35 கோடி ரூபாய் வசூலித்துக்கொண்டு தலைமறைவானதாகப் புகார் எழுந்தது. 2024 அக்டோபர் தொடக்கத்தில் அங்குள்ள காவல்துறை வழக்குப் பதிந்தது. ‘இஸ்ரேலில் இருந்து வரவழைத்த கால இயந்திரம்’ என்பதுதான் அவர்கள் கடைவிரித்த சரக்கு. மாசடைந்த காற்றால் உங்களுக்குச் சீக்கிரம் வயதாகிவிட்டது, இந்த இயந்திரத்தில் ஆக்சிஜன் சிகிச்சை எடுத்துக்கொண்டால் சில மாதங்களில் இளமை திரும்பிவிடும் என்று பேசியிருக்கிறார்கள். பத்து முறை வந்துபோக 6,000 ரூபாய். மூன்றாண்டுத் திட்டத்துக்கு 90,000 ரூபாய். ஆள் சேர்த்துவிட்டால் சலுகை. புகார் கொடுத்த ஒரு பெண்மணி மட்டும் இழந்ததாகச் சொன்ன தொகை 10 லட்சத்து 75 ஆயிரம் ரூபாய்.

அந்தத் தம்பதி குற்றவாளிகளா என்பதை நீதிமன்றம் முடிவு செய்யட்டும். ஆனால் நீதிமன்றத் தீர்ப்புக்குக் காத்திருக்கத் தேவையில்லாத ஒரு கேள்வி இருக்கிறது. நகரின் நடுவில், ஊரறிய விளம்பரம் செய்து, ரசீது போட்டு, காலத்தையே பின்னோக்கித் திருப்புவதாக ஒரு வியாபாரம் நடந்திருக்கிறது. அத்தனை நாளும் மருந்துக் கட்டுப்பாட்டு அதிகாரிகள் எங்கே போனார்கள்? சுகாதாரத் துறை என்ன செய்தது? 35 கோடி ரூபாய் கைமாறும்வரை ஒரே ஓர் அரசு ஊழியர்கூட அந்தக் கடையின் படியேறி, ‘இந்த இயந்திரத்துக்கு உரிமம் எங்கே?’ என்று கேட்கவில்லையா? கேட்டிருந்தால் இவ்வளவு பேர் ஏமாந்திருக்க மாட்டார்கள்.

கான்பூர் எங்கோ வடக்கே இருக்கிறது, திண்டுக்கல் மாவட்டத்து நம் கன்னிவாடிக்கும் அதற்கும் என்ன தொடர்பு என்று யாரும் சொல்லிவிட முடியாது. ஊரும் பெயரும் வேறு. வியாபாரத்தின் நடைமுறை ஒன்றுதான். நம் பக்கத்துச் சிறுநகரங்களில் இது எப்படி நடக்கிறது என்பதைப் பார்த்தவர்கள் அறிவார்கள். கடைவீதியின் மாடியில் ஓர் அறை வாடகைக்குப் பிடிக்கப்படும். வரிசையாகச் சூடேறும் படுக்கைகளோ, அதிரும் பலகைகளோ, காந்தம் பதித்த மெத்தைகளோ போடப்படும். முதல் ஒரு மாதம் இலவசம். மூட்டுவலிக்காரர்கள், சர்க்கரைக்காரர்கள், தனியாக இருக்கும் முதியவர்கள் காலை ஆறு மணிக்கே வந்து டோக்கன் வாங்கி உட்கார்ந்திருப்பார்கள். அங்கே வேலை பார்க்கும் இளைஞர்களும் பெண்களும் அவர்களை ‘அப்பா’, ‘அம்மா’ என்று வாய் நிறையக் கூப்பிடுவார்கள். வீட்டில் பேச ஆளில்லாத ஒருவருக்கு அந்த ஒரு சொல்லே பாதி நோயைத் தீர்த்துவிடும். படுக்கையில் படுத்திருக்கும் நேரம் முழுக்க ஒலிபெருக்கியில் ஒருவர் பேசிக்கொண்டே இருப்பார்: ரத்தம் சுத்தமாகிறது, செல்கள் புதுப்பிக்கப்படுகின்றன, வயது குறைகிறது. மாதக் கடைசியில் தவணைப் படிவம் கைக்கு வரும்.

‘பத்து வயது குறையும்’, ‘என்றும் பதினாறு’, ‘முதுமை இனி இல்லை’ என்று அச்சடித்த துண்டறிக்கையைப் பேருந்து நிலையத்தில் வாங்காதவர் நம்மில் யார்? நோயைக் குணமாக்குவதாகச் சொல்வதிலிருந்து காலத்தையே திருப்புவதாகச் சொல்வதற்கு இவர்கள் வந்துவிட்டார்கள். கேட்பாரில்லை என்ற துணிச்சல்தான் அதற்குக் காரணம்.

யாருடைய பணம் இது என்பதை எண்ணிப் பார்க்க வேண்டும். தமிழ்நாட்டில் முதியோர் உதவித்தொகை மாதம் 1,200 ரூபாய். கான்பூரில் பத்து முறை படுத்து எழுந்திருக்கக் கேட்ட 6,000 ரூபாய், நம் ஊர் முதியவரின் ஐந்து மாத உதவித்தொகை. மூன்றாண்டுத் திட்டத்தின் 90,000 ரூபாய், எழுபத்தைந்து மாத உதவித்தொகை. அதாவது ஆறு ஆண்டும் மூன்று மாதமும். இளமையைத் திருப்பித் தருகிறேன் என்று சொல்லி, அவர்களுக்கு மிச்சமிருக்கும் ஆண்டுகளின் சோற்றைப் பறிக்கிறார்கள். கறவை மாட்டை விற்ற பணமும், வெங்காயம் விலை போன வருடத்தில் வங்கியில் போட்டு வைத்த பணமும், பேத்தியின் கல்யாணத்துக்கென்று சேர்த்த பணமும் இப்படித்தான் போகின்றன. முன்பு ஈமு கோழி வளர்ப்பு மோசடிக்குப் போனது, கோயில் கலசத்தில் இரிடியம் இருக்கிறது என்று சொன்னவனுக்குப் போனது, இப்போது இளமை தரும் இயந்திரத்துக்குப் போகிறது.

இந்த மோசடிகள் முழுப் பொய்யில் நிற்பதில்லை. எங்கோ ஓர் உண்மையின் நுனியைப் பிடித்துக்கொண்டுதான் நிற்கின்றன. அந்த நுனி எது என்று தெரிந்துகொள்வது நமக்குப் பாதுகாப்பு. உயர் அழுத்த ஆக்சிஜன் சிகிச்சை என்பது உண்மையான மருத்துவம். ஆழ்கடலில் மூழ்கி வேகமாக மேலேறியதால் உடலுக்குள் குமிழ் உண்டானவர்களுக்கும், கார்பன் மோனாக்சைடு நச்சுப் புகையைச் சுவாசித்தவர்களுக்கும், சர்க்கரை நோயால் காலில் ஆறாத புண் வந்தவர்களில் சிலருக்கும், கதிர்வீச்சுச் சிகிச்சையால் திசுக்கள் பாதிக்கப்பட்டவர்களுக்கும் மருத்துவமனையில், பயிற்சி பெற்ற மருத்துவரின் கண்காணிப்பில் அது தரப்படுகிறது.

2020 நவம்பரில் இஸ்ரேலைச் சேர்ந்த ஆய்வாளர்கள் ஓர் ஆய்வை வெளியிட்டார்கள். 64 வயதும் அதற்கு மேலும் ஆன 35 பேருக்கு, 90 நாட்களில் 60 முறை இந்தச் சிகிச்சை தரப்பட்டது. அவர்களுடைய ரத்தத்தின் வெள்ளணுக்களில் மரபிழைகளின் முனைப்பகுதி நீண்டிருந்தது என்றும், முதுமையடைந்த அணுக்களின் அளவு குறைந்திருந்தது என்றும் அந்த ஆய்வு சொன்னது. அவ்வளவுதான். சிகிச்சை பெறாத ஒரு குழுவை நிறுத்தி ஒப்பிட்டுப் பார்த்த ஆய்வுகூட அல்ல அது. 35 பேரின் ரத்த அணுக்களில் கண்ட ஒரு மாற்றத்தை வைத்துக்கொண்டு, அறுபது வயது மனிதர் இருபத்தைந்து வயதுக்குப் போய்விடுவார் என்று அந்த ஆய்வாளர்களும் சொல்லவில்லை. மருத்துவம் தெரிந்த எவரும் சொல்ல மாட்டார். ஆனால் ‘இஸ்ரேல்’, ‘ஆக்சிஜன்’, ‘வயது குறைகிறது’ என்ற மூன்று துண்டுகளும் உலகச் செய்திகளில் பறந்தன. மோசடிக்காரருக்கு அது போதும்.

இதில் ஆபத்தும் இருக்கிறது. அழுத்தம் கூட்டப்பட்ட தூய ஆக்சிஜன் நிறைந்த பெட்டிக்குள் ஒரு சிறு தீப்பொறி போதும். 2025 ஜனவரி 31 அன்று அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலத்தில், அப்படி ஒரு பெட்டிக்குள் தீப்பிடித்து ஐந்து வயதுச் சிறுவன் உயிரிழந்தான். பயன் நிரூபிக்கப்படாத நோய்களுக்கு இந்தச் சிகிச்சையை விற்பவர்களிடம் ஏமாறாதீர்கள் என்று அந்நாட்டு உணவு மற்றும் மருந்து நிர்வாகம் 2013-லேயே மக்களை எச்சரித்திருந்தது. எச்சரிக்கை விடுத்த நாட்டிலேயே இந்த நிலை என்றால், மாடி அறையில் யாரோ கொண்டுவந்து வைக்கும் பெட்டிக்கு நம் ஊரில் யார் பொறுப்பு?

காலத்தின் ஓட்டத்தை மாற்ற முடியுமா என்ற கேள்வியை அறிவியல் ஒதுக்கிவிடவில்லை. அதற்கு நேர்மையான விடை சொல்லியிருக்கிறது. 1971 அக்டோபரில் அமெரிக்க அறிஞர்கள் ஹாஃபீலும் கீட்டிங்கும் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானத்தில் ஏற்றி உலகைச் சுற்றினார்கள். கிழக்கு நோக்கிப் பறந்த கடிகாரங்கள் 59 நானோநொடி பின்தங்கின; மேற்கு நோக்கிப் பறந்தவை 273 நானோநொடி முந்தின. ஒரு நொடியை நூறு கோடிப் பங்காக்கினால் கிடைக்கும் ஒரு பங்குதான் நானோநொடி. ஐன்ஸ்டைன் சொன்ன கணக்கோடு அது ஒத்துப்போனது; அளவீட்டில் எவ்வளவு பிழை இருக்கலாம் என்பதையும் சேர்த்தே அவர்கள் வெளியிட்டார்கள். ரஷ்ய விண்வெளி வீரர் செர்கேய் கிரிக்கலேவ் தம் வாழ்நாளில் மொத்தம் 803 நாட்கள் விண்ணில் சுற்றியவர். பூமியில் இருந்தவர்களை விட அவருக்கு வயது குறைந்தது எவ்வளவு தெரியுமா? ஏறத்தாழ 0.02 நொடி. ராக்கெட்டில் ஏறி, மணிக்கு 27,000 கிலோமீட்டருக்கு மேல் பறந்து, இரண்டாண்டுக்கும் அதிகமான நாட்களைச் செலவிட்டதற்குக் கிடைத்த மிச்சம் அது. கான்பூர் இயந்திரம் முப்பத்தைந்து ஆண்டு தருவதாகச் சொன்னது. பள்ளிப் பிள்ளைக்குத் தெரிந்தால் சிரித்துவிடும் இந்தக் கணக்கை ஊருக்குச் சொல்ல யாருமில்லாமல் போனதுதான் கொடுமை.

சொல்லும் தகுதி நம் மாவட்டத்துக்கே இருக்கிறது. கன்னிவாடிக்கு மேற்கே தெரியும் பழநி மலைத்தொடரின் மேல், கொடைக்கானலில், ஒரு நூற்றாண்டுக்கும் மேலாகச் சூரியனைப் படம்பிடித்து வரும் ஆய்வகம் இருக்கிறது. 1909-இல் எவர்ஷெட் என்ற வானியலாளர் அங்கிருந்துதான் சூரியப் புள்ளிகளில் வாயு ஓடும் முறையைக் கண்டறிந்து உலகுக்குச் சொன்னார். நாள்தோறும் எடுத்த அந்தப் படங்கள் சேமித்து வைக்கப்பட்டிருக்கின்றன. கடந்த காலத்தைக் காண மனிதனுக்கு உள்ள ஒரே நேர்வழி அதுதான்: பொறுமையாகப் பார்ப்பது, பதிவது, பாதுகாப்பது. திண்டுக்கல் மாவட்டத்தின் எத்தனை அரசுப் பள்ளி மாணவர்கள் அந்த ஆய்வகத்தைப் பார்த்திருக்கிறார்கள்? கொடைக்கானலுக்குச் சுற்றுலா போகும் பேருந்துகள் ஏரிக்கரையோடு திரும்பிவிடுகின்றன.

கதைகளைக் குறை சொல்லும் நோக்கம் நமக்கு இல்லை. ஹெச்.ஜி. வெல்ஸ் 1895-இல் கால இயந்திரத்தைக் கதையாக எழுதினார். நம் திரையிலும் ‘இன்று நேற்று நாளை’ (2015), ‘24’ (2016), ‘மார்க் ஆண்டனி’ (2023) என்று காலத்தைக் கையாளும் கருவிகள் வந்தன. கைக்கடிகாரத்தைத் திருகினால் நேரம் பின்னோக்கி ஓடும். தொலைபேசியில் பேசினால் இறந்த காலம் பதில் சொல்லும். பார்த்தோம், ரசித்தோம், கைதட்டினோம். திரையரங்கின் கதவைத் திறந்து வெளியே வந்ததும் அது கற்பனை என்பது நமக்குத் தெரியும். படம் எடுத்தவரும் அதை மறைக்கவில்லை. கற்பனை உலகத்துக் கருவி கற்பனை உலகத்தில் இருக்கும்வரை அது கலை. அதற்கு விலைப்பட்டியல் போட்டு ரசீது கிழித்தால் அது குற்றம். இந்த எல்லைக்கோட்டைக் காப்பது அரசின் கடமை.

கன்னிவாடி மக்களுக்கு இதில் கூடுதல் பொறுப்பு இருக்கிறது. சித்தர்களின் பெயர் சொல்லி வாழும் பூமி இது. சோமலிங்கபுரத்து மலையடிவாரத்தில் மெய்கண்ட சித்தர் குகைக்கு இன்றும் மக்கள் வருகிறார்கள். பழநியின் நவபாஷாணச் சிலையைப் போகர் செய்தார் என்பது இந்தச் சீமையின் நம்பிக்கை. காயகற்பம், அதாவது உடலை மூப்பிலிருந்து காக்கும் வழி, சித்த மருத்துவத்தின் ஒரு பெரும் பிரிவு. அதில் உணவுக் கட்டுப்பாடு உண்டு, மூலிகை உண்டு, மூச்சுப் பயிற்சி உண்டு, ஆசையை அடக்கும் ஒழுக்கம் உண்டு. பத்து முறை படுத்து எழுந்தால் இளமை வரும் என்று எந்தச் சித்தரும் சொல்லவில்லை. ஆனால் இன்று அவர்கள் பெயரைத்தான் தூண்டிலில் மாட்டுகிறார்கள். ‘சித்தர்கள் கண்ட ரகசியம், ஜப்பான் தொழில்நுட்பத்தில்’ என்பது போன்ற வாசகங்கள் நம் காதில் விழாத நாளில்லை. நவபாஷாண மணி என்று எதையோ உருட்டிக் கையில் கொடுக்கிறார்கள். சித்த மருத்துவர்களே, முதலில் வாய் திறக்க வேண்டியவர்கள் நீங்கள். உங்கள் மருத்துவத்தின் மானம் போகிறது. தாம்பரத்தில் தேசிய சித்த மருத்துவ நிறுவனமும் பாளையங்கோட்டையில் அரசு சித்த மருத்துவக் கல்லூரியும் இருந்தும், போலிகளைப் பெயர் சொல்லிக் கண்டிக்கும் குரல் கிராமம்வரை வந்து சேரவில்லை.

சட்டம் இல்லை என்று அதிகாரிகள் சொன்னால் அது பொய். மருந்துகள் மற்றும் மந்திர வைத்தியங்கள் (ஆட்சேபகரமான விளம்பரங்கள்) சட்டம் 1954-ஆம் ஆண்டிலிருந்து இருக்கிறது. அந்தச் சட்டத்தின்படி மருந்து என்பது மாத்திரையும் களிம்பும் மட்டுமல்ல. மனித உடலின் அமைப்பையோ உறுப்புகளின் இயக்கத்தையோ மாற்றுவதற்கென்று சொல்லப்படும், உணவல்லாத எந்தப் பொருளும் மருந்துதான். இளமையைத் திருப்புவதாகச் சொல்லும் இயந்திரம் இதற்குள் வராமல் வேறு எதற்குள் வரும்? மருந்தைப் பற்றிப் பொய்யான தகவல் தரும் விளம்பரத்தை அச்சட்டத்தின் 4-ஆம் பிரிவு தடை செய்கிறது. புகுந்து சோதனையிடவும், பொருளைக் கைப்பற்றவும் அதிகாரம் பெற்ற அலுவலருக்கு 8-ஆம் பிரிவு வழி தருகிறது. இது பிடியாணை இல்லாமலே காவல்துறை கைது செய்யக்கூடிய குற்றம். பாதிக்கப்பட்டவர் வந்து அழும்வரை காத்திருக்க வேண்டும் என்று அந்தச் சட்டத்தில் ஒரு வரிகூட இல்லை.

அதோடு முடியவில்லை. அகால முதுமையைத் தடுப்பதாகவும் இளமையை மீட்பதாகவும் எந்த மருந்தும் உரிமை கொண்டாடக் கூடாது என்று மருந்து விதிகளின் ‘ஜே’ பட்டியல் சொல்கிறது. 2020 ஏப்ரல் முதல் மருத்துவக் கருவிகள் அனைத்தும் மருந்துச் சட்டத்தின் வரம்புக்குள் கொண்டுவரப்பட்டுவிட்டன. சிகிச்சை தரும் எந்த இடமும் பதிவு பெற வேண்டும் என்று 1997-ஆம் ஆண்டுத் தமிழ்நாட்டுச் சட்டம் சொல்கிறது. ஆள் சேர்த்துப் பணம் பார்க்கும் சங்கிலித் திட்டங்களை 1978-ஆம் ஆண்டு மத்தியச் சட்டம் தடை செய்திருக்கிறது. 2021-இல் வந்த நேரடி விற்பனை விதிகளும் அதையே சொல்கின்றன. ஏமாற்று விளம்பரத்துக்கு 10 லட்சம் ரூபாய்வரை, மறுபடி செய்தால் 50 லட்சம் ரூபாய்வரை அபராதம் விதிக்க மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையத்துக்கு அதிகாரம் இருக்கிறது. விளம்பரத்தில் நடித்த பிரபலத்தை ஓராண்டு, மூன்றாண்டு என்று விளம்பர உலகிலிருந்தே விலக்கி வைக்கவும் முடியும்.

இத்தனை சட்டம் இருந்தும் இந்தக் கடைகள் எப்படித் திறக்கின்றன? ஒரு சிறு தந்திரத்தால்தான். ‘இது சிகிச்சை அல்ல, நலவாழ்வு மையம், இது மருந்து அல்ல, கருவி, இது விற்பனை அல்ல, உறுப்பினர் சேர்க்கை’ என்று பலகையில் எழுதிவிடுகிறார்கள். மருந்து ஆய்வாளர் இது தம் வேலையில்லை என்கிறார். சுகாதாரத் துறை காவல் நிலையத்தைக் காட்டுகிறது. காவல் நிலையம் ‘எழுத்துப்பூர்வமாகப் புகார் இருக்கிறதா?’ என்று கேட்கிறது. மூன்று துறைகள் பந்தை உருட்டி விளையாடுகின்றன. நடுவில் முதியவரின் சேமிப்பு காணாமல் போகிறது. இதைவிட வெட்கக்கேடு ஒரு நிர்வாகத்துக்கு உண்டா?

1954-ஆம் ஆண்டுச் சட்டத்தின் பல்லும் தேய்ந்துபோயிருக்கிறது. முதல் முறை தண்டிக்கப்பட்டால் அதிகபட்சம் ஆறு மாதச் சிறை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். கோடிகளில் புரளும் மோசடிக்கு இது ஒரு செலவுக் கணக்கு. தண்டனையைக் கூட்ட மத்திய அரசு 2020 பிப்ரவரியில் ஒரு வரைவை வெளியிட்டது. முதல் குற்றத்துக்கு இரண்டாண்டு வரை சிறை, 10 லட்சம் ரூபாய்வரை அபராதம் என்றது அந்த வரைவு. வரைவு வரைவாகவே இருந்தால் யாருக்குப் பயன்? 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம், இந்தச் சட்டத்தின் கீழ் பொதுமக்கள் புகார் கொடுக்கும் ஏற்பாட்டை இரண்டு மாதத்துக்குள் செய்யுங்கள் என்று மாநிலங்களுக்கு உத்தரவிட்டது. கன்னிவாடியில் பத்துப் பேரை நிறுத்தி, அப்படி ஒரு புகாரை எங்கே கொடுப்பது என்று கேட்டுப் பாருங்கள். உத்தரவு ஊருக்கு வந்து சேரவில்லை என்பது விளங்கிவிடும்.

இந்த ஊர் விவசாயிக்கு அரசு விதைத்திருக்கும் பாதுகாப்பை நினைத்துப் பார்க்கிறோம். ரெட்டியார்சத்திரம் வட்டாரத்தில் மக்காச்சோள விதை வாங்கினால், பொட்டலத்தின் மேல் முளைப்புத்திறன் அச்சிடப்பட்டிருக்க வேண்டும். வீரிய ரகத்துக்குக் குறைந்தது 90 விழுக்காடு. 1966-ஆம் ஆண்டு விதைச் சட்டம் அப்படிச் சொல்கிறது, விதை ஆய்வாளர் கடைக்கு வந்து மாதிரி எடுத்துப் போகிறார், குறைந்தால் வழக்கு. எம்.எஸ். சுவாமிநாதன் ஆராய்ச்சி நிறுவனம் கன்னிவாடியில் கிராம அறிவு மையம் நடத்தி, விதை உற்பத்தியாளர் சங்கத்தோடு சேர்ந்து வேலை செய்த மண் இது. நம் விவசாயி புதிய ரகத்தை நம்புவதற்கு முன் அரைக் குழியில் போட்டுப் பார்ப்பார். நூறு நாள் பயிருக்கே இவ்வளவு சோதனை கேட்கும் அரசு, முப்பத்தைந்து ஆண்டு வயதைக் குறைப்பதாகச் சொல்லும் இயந்திரத்துக்கு ஒரு சான்றிதழைக்கூடக் கேட்காமல் இருப்பது என்ன நியாயம்?

பத்திரிகைகளும் தொலைக்காட்சிகளும் கண்டனத்துக்குத் தப்ப முடியாது. அதிகாலையில் தொலைக்காட்சியைப் போட்டால் அரை மணி நேரம் ‘மருத்துவ நிகழ்ச்சி’ ஓடுகிறது. அது விலைக்கு வாங்கிய நேரம். ‘இது விளம்பரதாரர் நிகழ்ச்சி’ என்ற வரி திரையின் மூலையில், கண்ணாடி போட்டாலும் படிக்க முடியாத அளவில் வந்து மறைகிறது. யூடியூப் அலைவரிசைகளில் பேட்டி என்ற பெயரில் அதே சரக்கு. வெள்ளைக் கோட்டு அணிந்து கழுத்தில் ஸ்டெதாஸ்கோப்போடு உட்கார்ந்திருப்பவர் என்ன படித்தார் என்று பேட்டி எடுப்பவர் கேட்பதில்லை. கூலி வாங்கிக்கொண்டு பொய்யைப் பரப்பிவிட்டு, மோசடி வெளியானதும் ‘முதியோர் கண்ணீர்’ என்று சிறப்புச் செய்தி போடுவது எந்த அறம்? பணத்துக்காக அந்த நாற்காலியில் தம் பட்டத்தை அடகு வைக்கும் உண்மையான மருத்துவர்கள் சிலரும் உண்டு. மருத்துவக் கவுன்சில் அவர்களை அழைத்து விளக்கம் கேட்க வேண்டும்.

எனவே நாம் வைப்பது வேண்டுகோள் அல்ல; திருத்தத்துக்கான கோரிக்கை. அது என்னென்ன என்பதைச் சொல்கிறோம்.

முதலாவதாக, மாவட்ட ஆட்சியர் தலைமையில் மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை, மருத்துவப் பணிகள் இணை இயக்குநர் அலுவலகம், காவல்துறை, நுகர்வோர் துறை ஆகியவற்றை ஒரே மேசையில் உட்கார வைக்க வேண்டும். ‘நலவாழ்வு மையம்’ என்ற பெயரில் மாவட்டத்தில் இயங்கும் ஒவ்வோர் இடத்துக்கும் போய், என்ன கருவி, எந்த உரிமம், யார் பொறுப்பு மருத்துவர் என்று பட்டியல் எடுக்க வேண்டும். பட்டியலை வெளியிட வேண்டும். உரிமம் இல்லாத கருவிகளை முடக்க வேண்டும்.

இரண்டாவதாக, விளம்பரம் வெளியான நாளே நடவடிக்கை தொடங்க வேண்டும். வயது குறையும், இளமை திரும்பும் என்று துண்டறிக்கை அடித்தாலே வழக்குப் பதியச் சட்டத்தில் இடம் இருக்கிறது. புகாருக்குக் காத்திருப்பதைக் கடமை தவறியதாகக் கருதி, பொறுப்பான அலுவலரிடம் விளக்கம் கேட்க வேண்டும்.

மூன்றாவதாக, உச்ச நீதிமன்றம் சொன்ன புகார் ஏற்பாட்டைப் பேரூராட்சி அலுவலகம்வரை கொண்டுவர வேண்டும். ஒரு தொலைபேசி எண், ஒரு பெயர்ப் பலகை, பொறுப்பான ஓர் அலுவலர். ரேஷன் கடையிலும், ஆரம்ப சுகாதார நிலையத்திலும், உதவித்தொகை வழங்கும் வங்கிக் கிளையிலும் அந்த எண் எழுதப்பட்டிருக்க வேண்டும்.

நான்காவதாக, திருமண மண்டபங்களிலும் மாடி அறைகளிலும் ‘இலவச ஆரோக்கியக் கூட்டம்’ நடத்த வருபவர்களிடம் உரிமத்தின் நகலை வாங்காமல் இடம் கொடுக்கக் கூடாது என்று உள்ளாட்சி அமைப்புகள் விதி செய்ய வேண்டும். வாடகை வாங்குபவருக்கும் பொறுப்பு உண்டு.

ஐந்தாவதாக, 2020-ஆம் ஆண்டு வரைவை மத்திய அரசு தூசி தட்டி எடுத்துச் சட்டமாக்க வேண்டும். ‘நலவாழ்வு’, ‘உறுப்பினர் சேர்க்கை’ என்ற போர்வைகள் செல்லாது என்று அதில் தெளிவாக எழுத வேண்டும். ஆத்தூர் சட்டமன்ற உறுப்பினரும் திண்டுக்கல் நாடாளுமன்ற உறுப்பினரும் இதை அவைகளில் எழுப்ப வேண்டும். எழுப்பினார்களா என்று அடுத்த தேர்தலில் கேட்கும் உரிமை நமக்கு உண்டு.

ஆறாவதாக, மாவட்டத்தின் ஒவ்வோர் அரசுப் பள்ளியிலிருந்தும் ஆண்டுக்கு ஒரு முறையாவது மாணவர்களைக் கொடைக்கானல் ஆய்வகத்துக்கு அழைத்துப் போக வேண்டும். அறிவியல் மனப்பான்மையை வளர்ப்பது ஒவ்வொரு குடிமகனின் கடமை என்று அரசமைப்புச் சட்டத்தின் 51ஏ(எச்) பிரிவு சொல்கிறது. அது தேர்வுக்கு மனப்பாடம் செய்யும் வரியாக மட்டும் இருந்துவிடக் கூடாது.

பிள்ளைகளுக்கும் ஒன்று சொல்ல வேண்டும். சென்னையிலும் திருப்பூரிலும் வேலை பார்க்கும் மகனே, மகளே, உங்கள் அப்பாவையும் அம்மாவையும் அந்த மாடி அறைக்கு இழுத்தது இயந்திரம் மட்டுமல்ல. ‘அப்பா’ என்று கூப்பிட்ட அந்த அந்நியக் குரலும்தான். வாரம் ஒரு முறை தொலைபேசியில் கூப்பிடுங்கள். யார் வந்தார்கள், என்ன படிவத்தில் கையெழுத்துப் போட்டீர்கள் என்று கேளுங்கள். ஏமாந்திருந்தால் திட்டாதீர்கள், கையைப் பிடித்துக் காவல் நிலையத்துக்கு அழைத்துப் போங்கள். அவமானத்துக்குப் பயந்து அவர்கள் வாய் மூடியிருப்பதுதான் மோசடிக்காரரின் மிகப் பெரிய பாதுகாப்பு.

முதுமை ஒரு நோயல்ல; அதைக் குணமாக்குவதாகச் சொல்வது மருத்துவமும் அல்ல. முதியவருக்குத் தேவை நல்ல சாப்பாடு, ஒழுங்காக வரும் உதவித்தொகை, அரசு மருத்துவமனையில் தட்டுப்பாடில்லாத மாத்திரை, மூட்டுவலிக்கு இயன்முறை மருத்துவர், உட்கார்ந்து பேச ஓர் இடம். இவற்றைக் கொடுக்க வேண்டிய அரசு கொடுக்காத இடத்தில்தான் போலி இயந்திரக்காரர் கடை போடுகிறார். ஆகவே சோதனை நடத்துவதோடு அரசின் கடமை முடிந்துவிடாது. ரெட்டியார்சத்திரம் ஒன்றியத்தின் ஆரம்ப சுகாதார நிலையங்களில் முதியோருக்கென்று வாரத்தில் ஒரு நாள் ஒதுக்கி, இயன்முறைச் சிகிச்சையும் இலவசமாகத் தரட்டும். மாடி அறைகளின் கூட்டம் தானாகக் குறையும்.

திண்டுக்கல் மாவட்ட நிர்வாகம் இந்தக் கோரிக்கைகளுக்கு முப்பது நாட்களுக்குள் எழுத்தில் பதில் சொல்ல வேண்டும். எத்தனை மையங்களைச் சோதித்தீர்கள், எத்தனை கருவிகளை முடக்கினீர்கள், எத்தனை வழக்குகள் பதிந்தீர்கள் என்ற மூன்று எண்களைக் கேட்கிறோம். பதில் வராவிட்டால் ஒவ்வொரு மாதமும் இதே பக்கத்தில் இதே மூன்று கேள்விகளைக் கேட்போம்.